ஆர்க்கிடெக்சர் படிச்சவங்க சினிமாவுல புரொடக்‌ஷன் டிசைனர் ஆகலாமா? ஆர்ட் டைரக்டர்னா அதேதானா?

கேள்வி என்னன்னா, ஆர்க்கிடெக்சர் முடிச்சு மூணு வருஷமா ஒரு இன்டீரியர் ஆபீஸ்ல வேலை பாக்குறீங்க, சினிமாவுல புரொடக்‌ஷன் டிசைனர் ஆகணும்னு ஆசை, ஆனா ஆர்ட் டைரக்டரும் அவரும் ஒரே ஆளா வேற வேறயான்னு குழப்பம், படிச்சது உதவுமா இல்ல மறுபடி முதல்லேர்ந்து வரணுமான்னு கேட்டிருக்கீங்க. நான் ஆர்ட் டிபார்ட்மெண்ட்ல இருபது வருஷத்துக்கு மேல இருக்கேன், அளக்குற டேப்போட மறுமுனையப் பிடிக்கிற அசிஸ்டெண்டா உள்ள வந்தவன், அதனால கொஞ்சம் நீளமாவே எழுதுறேன்.

படிச்சது உதவும், நல்லாவே உதவும், ஆனா ஒரு விஷயத்தத் தலைகீழா திருப்பிப் போட்டுக்கணும். நீங்க இதுவரைக்கும் டிசைன் பண்ணது இனிமே குடிவரப்போறவங்களுக்கு. நாங்க கட்டுறது அந்த வீட்ல ஏற்கெனவே முப்பது வருஷம் வாழ்ந்துட்டவங்களுக்கு. ஒரு போட்டோவ பத்து வருஷம் மாட்டி வச்சிருந்து எடுத்தா பின்னாடி சுவத்துல மட்டும் நிறம் வெளுக்காம ஒரு சதுரம் தெரியும்ல, அந்தச் சதுரம் எந்த ஆர்க்கிடெக்ட் டிராயிங்லயும் இருக்காது, எங்க டிராயிங்ல இருக்கும். அங்க யாரோட போட்டோ இருந்துச்சு, ஏன் எடுத்தாங்க, எடுத்துட்டு ஏன் வேற எதுவும் மாட்டாம விட்டாங்கன்னு நாங்க யோசிச்சு வச்சிருப்போம், வசனத்துல அத யாரும் சொல்லப்போறதில்ல, ஆனா நடிக்கிறவங்க அந்த ரூமுக்குள்ள வந்த உடனே அது அவங்க உடம்புல தெரியும்.

பழசாக்குற வேலைய நாங்க ஏஜிங்னு சொல்லுவோம், இந்தத் தொழிலோட பாதி உயிர் அதுலதான் இருக்கு. சுவர் பிளைவுட்டுதான், 8க்கு 4 அடி ஷீட்ட மரச்சட்டத்துல அடிச்சு, ஜாயின்ட்டெல்லாம் மூடி, பெயிண்ட் அடிச்சு நிறுத்துறது. நிறுத்தின அன்னிக்கு அது அப்பட்டமா பொய்யா இருக்கும். அதுக்கு மேல தண்ணியா கரைச்ச பழுப்பையும் கருப்பையும் அடிச்சு, காயுறதுக்குள்ள துணியால துடைச்சு எடுத்து, ஓரத்தையெல்லாம் உப்புத்தாள் போட்டுத் தேய்ச்சு, மறுபடி அடிச்சு, மறுபடி துடைச்சுன்னு அடுக்கடுக்கா போகும். புதுசா வர்றவங்க பண்ற ஒரே தப்பு, எல்லா இடத்துலயும் ஒரே அளவு அழுக்கு. அழுக்குக்கு உயரம் உண்டு. ஸ்விட்ச்ச சுத்தி கை படுற இடத்துல இருக்கும், கதவுல கைப்பிடிக்கு மேல தள்ளுற இடத்துல இருக்கும், குழந்தை இருக்குற வீடுன்னா இடுப்பளவுக்குக் கீழ இருக்கும், நாற்காலி முதுகு இடிக்கிற இடத்துல ஒரு கோடு இருக்கும், அலமாரிக்குப் பின்னாடி சுவர் சுத்தமா இருக்கும். ஈரக்கறையும் அப்படித்தான், எங்கயோ ஒரு குழாயோ ஜன்னல் விளிம்போ இருந்தாதான் அது வரும். குழாய் எந்த வழியா போகுது, மழைத்தண்ணி எங்க தேங்கும்னு படிச்ச உங்களுக்கு அந்தக் கறை எங்கேர்ந்து கிளம்பி எங்க முடியும்னு கண்ண மூடிட்டு வரைய முடியும். மத்தவங்க வருஷக்கணக்குல கத்துக்குற விஷயம் உங்ககிட்ட இப்பவே இருக்கு.

சரி, பேர் குழப்பத்துக்கு வர்றேன். இதுக்கு ஒரு பழைய கதை தெரிஞ்சா போதும். 1929ல நடந்த முதல் ஆஸ்கர் விழாவுலேயே கலை இயக்கத்துக்கு விருது இருந்துச்சு, வாங்கினவர் வில்லியம் கேமரன் மென்சீஸ். பத்து வருஷம் கழிச்சு கான் வித் த விண்ட் படம் எடுக்கும்போது டேவிட் செல்ஸ்னிக்ங்கிற தயாரிப்பாளர் அவர்கிட்ட மொத்தப் படத்தையும் ஷாட் ஷாட்டா வரையச் சொன்னாரு, எந்தக் காட்சி எந்த நிறத்துல, கேமரா எவ்ளோ உயரத்துல, ஆள் எவ்ளோ சின்னதா தெரியணும்ங்கிறது வரைக்கும். அந்தப் படத்துக்கு நடுவுல டைரக்டர் மாறினாங்க, ஒருத்தர் போயி இன்னொருத்தர் வந்தாங்க, ஆனா படத்தோட தோற்றம் ஒரே கையிலேர்ந்து வந்த மாதிரி இருந்துச்சுன்னா அதுக்கு இந்த டிராயிங்குங்கதான் பெரிய காரணம். அதுக்காகத்தான் புரொடக்‌ஷன் டிசைன்ங்கிற பேர டைட்டில்ல அவருக்குக் குடுத்தாங்க. அதே படத்துல கலை இயக்குநரா இருந்தவர் லைல் வீலர், கலை இயக்கத்துக்கான ஆஸ்கர் அவருக்குப் போச்சு, மென்சீஸுக்குத் தனியா ஒரு சிறப்பு விருது குடுத்தாங்க. அதாவது ஒரே படம், ரெண்டு பேர், ரெண்டு வேலை. படம் மொத்தமும் எப்படித் தெரியணும்னு முடிவு பண்ணவர் ஒருத்தர், அத நிஜமா கட்டி நிறுத்துற டிபார்ட்மெண்ட்ட நடத்தினவர் இன்னொருத்தர்.

அந்தப் படத்தோட முதல் பெரிய காட்சியா 1938 டிசம்பர் 10 ராத்திரி எடுத்தது அட்லாண்டா எரியுற காட்சி, அத இயக்கினதும் மென்சீஸ்தான். எரிச்சது என்னன்னா ஸ்டுடியோ பின்பக்கத்துல கிடந்த பழைய படங்களோட செட்டு, கிங் காங் படத்துக்குப் போட்ட பெரிய மதில் கதவு உட்பட. அத எரிச்சாதான் புது செட்டுக்கு இடம் கிடைக்கும். இடமும் காலியாச்சு, காட்சியும் கிடைச்சுது. ஒரு செலவுல ரெண்டு வேலைய முடிக்கிற அந்தப் புத்தி இன்னிக்கு வரைக்கும் நல்ல டிசைனருக்கு அடையாளம்னு நான் நெனைக்கிறேன்.

ஆஸ்கர்ல அந்த விருதோட பேரே 2012லதான் புரொடக்‌ஷன் டிசைன்னு மாறிச்சு, அதுக்கு முன்னாடி ஆர்ட் டைரக்‌ஷன்தான். நம்ம தமிழ் டைட்டில்ல ரொம்ப காலமா கலைன்னு ஒரே ஒரு பேர் வரும், அவரே எல்லாத்துக்கும் தலைமை. அதனால ஒரு பழைய படத்துல கலை இயக்குநர்னு போட்டிருந்தா அவர் இன்னிக்கு நாம சொல்ற புரொடக்‌ஷன் டிசைனர் வேலைய செஞ்சவராவே இருக்கலாம். பேரப் பாத்து முடிவு பண்ணாதீங்க, யாருகிட்ட முடிவு இருந்துச்சுன்னு பாருங்க.

பெரிய படத்துல வரிசை இப்படி இருக்கும்: மேல புரொடக்‌ஷன் டிசைனர், அவருக்குக் கீழ ஆர்ட் டைரக்டர், படம் பெருசுன்னா ரெண்டு மூணு பேர் செட்டு செட்டா பிரிச்சுக்குவாங்க, அவங்களுக்குக் கீழ அசிஸ்டெண்ட்டுங்க, டிராயிங் போடுறவங்க, கான்செப்ட் ஆர்டிஸ்ட், கிராபிக் டிசைனர். இன்னொரு பக்கம் செட் டெக்கரேட்டர், அவங்கதான் சோபா, திரை, விளக்கு, அலமாரிக்குள்ள இருக்குற புத்தகம்னு அந்த ரூம நிரப்புறவங்க, ஆஸ்கரக்கூட டிசைனரோட சேத்து இவங்களுக்கும்தான் குடுக்குறாங்க. நடிகர் கையில எடுக்குற பொருள் மட்டும் ப்ராப் மாஸ்டர் பொறுப்பு. அப்புறம் தச்சர், பெயிண்டர், மோல்டு எடுக்குறவங்க, வெல்டர், செடி கொடி பாக்குறவங்க. சின்ன படத்துல இதெல்லாம் மூணு பேரே பண்ணுவாங்க, அதுல ஒருத்தரா இருந்தீங்கன்னா ரெண்டே படத்துல எல்லாமே கத்துக்கலாம்.

இதுல கிராபிக் டிசைனர் வேலைய யாரும் பெருசா பேசுறதில்ல. படத்துல தெரியுற கடிதம், பாஸ்போர்ட், செய்தித்தாள், போர்டு, மருந்து லேபிள் எல்லாம் யாரோ ஒருத்தர் உக்காந்து பண்ணது. 2014ல வந்த கிராண்ட் புடாபெஸ்ட் ஹோட்டல் படத்துல அடிக்கடி கண்ல படுற ஒரு பிங்க் கலர் அட்டைப்பெட்டி, அதுல ஒரு வார்த்தையில எழுத்துப்பிழை விழுந்துடுச்சு, ஷூட்டிங் ஓடிட்டு இருக்கும்போதுதான் தெரிஞ்சுது, அதுவரைக்கும் எடுத்திருந்த காட்சியில எல்லாம் பின்னாடி கம்ப்யூட்டர்ல திருத்தினாங்க. அந்தப் பெட்டிய டிசைன் பண்ண ஆனி அட்கின்ஸே இத வெளிப்படையா சொல்லியிருக்காங்க. ஒரே ஒரு எழுத்து. அதனால எழுத்து வர்ற எந்தப் பொருளா இருந்தாலும் ரெண்டு பேர் வாசிச்ச பிறகுதான் பிரிண்டுக்குப் போகணும்.

இப்ப தினசரி வேலை எப்படி ஓடும்னு சொல்றேன். ஸ்கிரிப்ட் கைக்கு வந்த உடனே படம் வரையப்போறதில்ல, பிரேக்டவுன்தான் முதல் வேலை. ஒவ்வொரு காட்சியும் எந்த இடம், உள்ளயா வெளியயா, பகலா ராத்திரியா, எந்த வருஷம், என்ன உடையுது, என்ன எரியுது, என்ன நனையுதுன்னு பிரிச்சு எழுதுறது. ஸ்கிரிப்ட்ல ஒரு பக்கம்னா திரையில சுமார் ஒரு நிமிஷம்னு ஒரு கணக்கு இருக்கு. 120 பக்க ஸ்கிரிப்ட்ல 40 பக்கம் ஒரே வீட்டுக்குள்ள நடக்குதுன்னா காசு அங்கதான் போகணும். வெறும் அரைப்பக்கம் வர்ற கோர்ட்டுக்கு ஒரு மூலை, ஒரு மேஜை, பின்னாடி ஒரு கதவு போதும். எத கட்ட வேண்டாம்னு தைரியமா சொல்லத் தெரிஞ்சவங்கதான் இந்த வேலையில நிக்குறாங்க, எனக்கு அது தெரியறதுக்கே ஆறேழு வருஷம் ஆச்சு.

அதுக்கப்புறம் லென்ஸ். ஆர்க்கிடெக்ட்டா வர்றவங்க முதல்ல தடுமாறுறது இங்கதான், ஏன்னா நீங்க முழு ரூமையும் யோசிக்கிறீங்க, கேமரா முழு ரூமையும் பாக்கவே பாக்காது. சினிமா கேமராவுக்குள்ள படம் பதியுற சென்சார்ல சூப்பர் 35ங்கிற அளவுக்கு அகலம் சுமார் 25 மில்லிமீட்டர். 25 எம்எம் லென்ஸ் போட்டு 10 அடி தள்ளி நின்னா அந்த தூரத்துல 10 அடி அகலம் தெரியும், அதே இடத்துல 50 எம்எம் மாட்டினா 5 அடிதான். ஃபிரேம் 2.39க்கு 1 அகலத்திரைன்னா அந்த 10 அடி அகலத்துக்கு உயரம் நாலடிக்குக் கொஞ்சம் மேல, அவ்ளோதான். அப்ப நீங்க மாசக்கணக்கா வேலை பாத்த சீலிங் யாருக்காக? கேமரா தரையிலேர்ந்து மேல பாக்குதுன்னா மட்டும் சீலிங் வேணும். 1941ல வந்த சிட்டிசன் கேன் எடுத்தப்போ தாழ்வான கோணம் நிறைய வச்சாங்க, அதனால சீலிங் தெரிஞ்சே ஆகணும், ஆனா நிஜ சீலிங் போட்டா மைக் வைக்க இடமில்ல, கடைசியில மெல்லிய துணிய சீலிங்கா இழுத்துக் கட்டி மைக்க அதுக்கு மேல ஒளிச்சு வச்சாங்க. அந்த செட்டுகளுக்குப் பின்னாடி இருந்தவர் பெர்ரி பெர்குசன். ஃபுளோர் பிளான் மேல லென்ஸ் கோணத்த முக்கோணமா வரைஞ்சு பாக்குற பழக்கத்த இன்னிக்கே ஆரம்பிச்சுடுங்க.

கட்டுறதா, நிஜ இடத்துல எடுக்குறதா? இது டிசைனர், டைரக்டர், கேமராமேன், தயாரிப்பாளர் நாலு பேரும் சேந்து எடுக்குற முடிவு. நிஜ இடத்துல உண்மை இலவசமா கிடைக்கும், ஆனா சுவரக் கழட்டி கேமராவ பின்னால இழுக்க முடியாது, சூரியன நிறுத்தி வைக்க முடியாது, வெளிய ஓடுற வண்டி சத்தத்த அடக்க முடியாது. 2019ல வந்த பாரசைட் படத்துல லீ ஹா ஜுன் அந்தப் பணக்கார வீட்டோட தரைத்தளத்தையும் தோட்டத்தையும் ஒரு காலி இடத்துல கட்டினாரு, அதுவும் வெயில் எந்த நேரத்துல எந்த ஜன்னல் வழியா விழும்னு பாத்து திசைய முடிவு பண்ணி. வெளியிலேர்ந்து பாக்கும்போது தெரியுற மேல்மாடி கம்ப்யூட்டர்ல வந்தது. ஏழைக் குடும்பம் இருக்குற பாதாள வீட்டையும் அந்தத் தெருவையும் ஒரு தண்ணித் தொட்டிக்குள்ள கட்டினாங்க, ஏன்னா வெள்ளம் வரணும். யாரு எங்கேர்ந்து ஒளிஞ்சு பாக்கணும், யாரு யாருக்குத் தெரியக்கூடாதுன்னு டைரக்டர் முதல்லயே முடிவு பண்ணிட்டாரு, அதுக்கு ஏத்த மாதிரி வீடு வந்துச்சு. நிஜ ஆர்க்கிடெக்ட் ஒருத்தர் அந்த அமைப்பப் பாத்துட்டு யாரும் இப்படி வீடு கட்ட மாட்டாங்கன்னு சொன்னாராம். சொன்னது சரிதான், அந்த வீடு குடியிருக்கக் கட்டினது இல்ல, கதை நடக்கக் கட்டினது.

1987ல வந்த நாயகன் படத்துல நாம பாத்த தாராவியில பெரும்பகுதி சென்னை வீனஸ் ஸ்டுடியோவுல தோட்டா தரணி போட்ட செட்டு, அதுக்கு அவருக்குத் தேசிய விருது கிடைச்சுது. அவர் அடிப்படையில ஓவியர், அப்பாவும் கலை இயக்குநர். இன்னொரு பக்கம் கென் ஆடம், ஜேம்ஸ் பாண்ட் படங்களோட பிரம்மாண்ட செட்டெல்லாம் போட்டவர், அவர் லண்டன்ல ஆர்க்கிடெக்சர் படிக்கப் போனவர், நடுவுல போர் வந்து விமானம் ஓட்டிட்டு அப்புறம் சினிமாவுக்கு டிராயிங் போடுறவரா உள்ள வந்தாரு. அவர் டாக்டர் ஸ்ட்ரேஞ்ச்லவ் படத்துக்குப் போட்ட போர் அறையில ஒரு பெரிய வட்ட மேஜை, அதுக்குப் பச்சைத் துணி விரிச்சிருந்தாங்க. படமோ கருப்பு வெள்ளை! சீட்டாட்ட மேஜையில உக்காந்திருக்கோம்ங்கிற உணர்வு நடிகர்களுக்கு வரணும்னு டைரக்டர் கூப்ரிக் கேட்டாரு. நான் சோர்ந்து போற நாள்ல இந்தப் பச்சைத் துணியத்தான் நெனச்சுக்குவேன்.

ஆக ஓவியம் வழியாவும் வரலாம், கட்டடம் வழியாவும் வரலாம், நான் தச்சுப்பட்டறை வழியா வந்த டிசைனர்களையும் பாத்திருக்கேன். எல்லாருக்கும் பொதுவா வேண்டியது மத்த டிபார்ட்மெண்ட்டோட பேசுறது. காஸ்ட்யூம் டிசைனர்கிட்ட சுவர் நிறத்த முன்னாடியே காட்டலன்னா ஹீரோயின் புடவையோட சுவத்துக்குள்ள கரைஞ்சு போயிடுவாங்க. கேமராமேன்கிட்ட பேசாம ரூம்ல மேஜைவிளக்கு வச்சா அதோட வெளிச்சம் அவர் திட்டம் போட்ட வெளிச்சத்தோட சண்டை போடும், பேசிட்டு வச்சா அதே விளக்கு அவருக்குப் பாதி வேலைய முடிச்சுக் குடுத்துடும். பெயிண்ட்ட கண்ணுல பாத்து ஓகே பண்ணாதீங்க, ஒரு பலகையில அடிச்சு கேமரா டெஸ்ட்ல பாருங்க, சுத்த வெள்ளை கேமராவுல பெரும்பாலும் கண்ணு கூசுற மாதிரிதான் தெரியும், அதனாலதான் செட்டுல வெள்ளைச் சுவர்னு சொல்றது பெரும்பாலும் கொஞ்சம் சாம்பல் கலந்ததா இருக்கும்.

என்னோட தப்பு ஒண்ணு சொல்றேன், உங்களுக்கு நேரடியா பொருந்தும். அசிஸ்டெண்டா இருந்தப்போ ஒரு வீட்டு செட்டுக்கு டிராயிங் முழுக்க நான் போட்டேன், கதவு 2 அடி 6 அங்குலம், அந்தக் காலத்து வீட்டுக்குச் சரியான அளவு, புத்தகத்துல பாத்து அளந்து போட்டது. ஷூட்டிங்குக்கு முதல் நாள் சாயங்காலம் கேமராவுக்குத் தண்டவாளம் போட வந்தவங்க சொன்னாங்க, ஷாட் ஹால்லேர்ந்து பெட்ரூமுக்குள்ள போகுது, டாலிங்கிற கேமரா வண்டியும் அதத் தள்ளுற ஆளும் இந்தக் கதவு வழியா நுழையவே முடியாதுன்னு. அந்த ஷாட் என்னன்னு நான் யார்கிட்டயும் கேக்கல. ராத்திரி முழுக்க ஆறு பேர் சுவர வெட்டி நிலைக்கதவ அகலமாக்கி, மறுபடி பெயிண்ட், மறுபடி ஏஜிங், காலையில ஏழு மணிக்கு சுவத்துல ஈரம் காயாம நின்னுச்சு. அந்த ஆறு பேர் முகம் இன்னும் ஞாபகம் இருக்கு, தப்பு என்னோடது, முதுகு உடைஞ்சது அவங்களுக்கு. அதுலேர்ந்து எந்த செட்டுக்கும் கழட்டக்கூடிய சுவர் எது, கேமரா எந்த வழியா வரும்னு கேக்காம நான் ஒரு கோடு போட்டதில்ல.

எல்இடி சுவர் வந்துட்டா செட்டே போயிடுமான்னும் கேக்குறாங்க. 2019ல வந்த மாண்டலோரியன் தொடருக்கு 20 அடி உயரம், 75 அடி விட்டத்துல வளைஞ்ச எல்இடி திரை வச்சு, பின்னணிய கேம் எஞ்சின்ல, அதாவது வீடியோ கேம் செய்யுற சாஃப்ட்வேர்ல, ஓட்டி எடுத்தாங்க. ஆனா நடிகர் நிக்குற தரை, தொடுற சுவர், உக்கார்ற பாறை எல்லாம் நிஜமா கட்டினதுதான், அதுவும் திரையில தெரியுற மண்ணோட நிறமும் தரையில கொட்டின மண்ணோட நிறமும் கோடு தெரியாம சேரணும். முன்னாடி எடிட்டிங்குக்கு அப்புறம் பண்ணிக்கலாம்னு தள்ளின முடிவெல்லாம் இப்ப ஷூட்டிங்குக்கு முன்னாடியே டிசைனர் எடுக்கணும். அதனால ஸ்கெட்ச்அப்போ ரைனோவோ தெரிஞ்சா நல்லது, கூட அன்ரியல்ங்கிற கேம் எஞ்சினும் கொஞ்சம் கத்துக்கோங்க, ஆனா கையால வரையறத விட்டுடாதீங்க, டைரக்டரோட உக்காந்து பேசும்போது ரெண்டு நிமிஷத்துல பேப்பர்ல காட்டுறதுக்கு ஈடா எந்த சாஃப்ட்வேரும் இல்ல.

வாழ்க்கை எப்படின்னா, மாசச் சம்பளம் கிடையாது, படம் படமாத்தான் வேலை, ஒண்ணு முடிஞ்சு அடுத்தது வர்றதுக்கு நடுவுல சில மாசம் சும்மா இருக்க வேண்டி வரும், கையில சேமிப்பு இல்லாம இன்டீரியர் வேலைய விட்டுடாதீங்க. நாங்க எல்லாருக்கும் முன்னாடி வருவோம், எல்லாரும் போன பிறகும் பிரிக்கிறதுக்கு இருப்போம். ரெண்டு மாசம் கட்டின தெரு ரெண்டு நாள்ல லாரியில ஏறும். மனசு வலிக்கும், அது எனக்கு இன்னும் பழகல.

ஆரம்பிக்கிறதுக்கு நேரா புரொடக்‌ஷன் டிசைனருக்கு மெயில் போடாதீங்க, ஆர்ட் டைரக்டர்களுக்குப் போடுங்க, ஆள் எடுக்குறது பெரும்பாலும் அவங்கதான், டிராயிங் போடுற அசிஸ்டெண்ட்டா கேளுங்க, உங்க படிப்புக்கு அந்த வாசல்தான் சீக்கிரம் திறக்கும். பெரிய படம்தான் வேணும்னு காத்திருக்காம ரெண்டு மூணு குறும்படத்துக்கு முழுப் பொறுப்பு எடுத்துப் பண்ணிடுங்க.

போர்ட்ஃபோலியோவுல நீங்க பண்ண பளபளப்பான இன்டீரியர் ரெண்டு போதும், மீதிய வேற மாதிரி நிரப்புங்க. உங்களுக்குத் தெரிஞ்ச, மனைவிய இழந்த ஒரு வயசானவரோட ரூமுக்கு அவர் அனுமதியோட போயி, டேப் வச்சு முழுசா அளந்து, 1க்கு 50 அளவுல பிளானும் நாலு சுவரும் வரைஞ்சு, எந்தப் பொருள் எங்க இருக்கு, எது தேய்ஞ்சிருக்கு, எது பல வருஷமா தொடப்படாம கிடக்குன்னு குறிச்சுக்கோங்க. அப்புறம் அதே ரூம அவர் மனைவி உயிரோட இருந்த காலத்துல எப்படி இருந்திருக்கும்னு ரெண்டாவதா ஒரு செட் டிராயிங் போடுங்க. பேட்டி எடுக்குற ஆர்ட் டைரக்டர் இந்த ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வச்சுப் பாத்துட்டு, ஏன் இந்த நாற்காலி ஜன்னல் பக்கம் நகந்துச்சுன்னு கேப்பாரு, அதுக்குப் பதில் உங்ககிட்ட இருக்கணும்.